வேப்பமரத்தை வெட்டாமல் வீடு கட்ட முடியுமா? (ஐந்து சென்ட், தென்காசிப் பக்கம்)

சாரல் | மார்ச் 8, இரவு 10:40

வணக்கம். ரொம்ப நாளாக இங்கே படிக்க மட்டும் செய்கிறவன். முதல் தடவையாக இழை தொடங்குகிறேன்.

தென்காசியிலிருந்து ஏழெட்டு கிலோமீட்டரில் எங்களுக்கு ஐந்து சென்ட் இடம் இருக்கிறது. கிழக்கே தெரு. கிழமேல் 40 அடி, தென்வடல் 55 அடி. மேற்கு வேலியிலிருந்து ஆறடி உள்ளே தள்ளி ஒரு வேப்பமரம். ஆச்சி கல்யாணமாகி இந்த ஊருக்கு வந்தபோதே நின்றதாம். நான் கட்டிப்பிடித்தால் இரண்டு கையும் சேராது.

என்ஜினீயர் ஒரு பிளான் போட்டுக் கொடுத்திருக்கிறார். நாலு பக்கமும் மூன்றடி விட்டு மீதியெல்லாம் கட்டடம், மூன்று பெட்ரூம். மரம் நிற்கிற இடத்தில் அட்டாச்டு பாத்ரூம் வருகிறது. "மரத்தை எடுத்துருவோம் சார், வேர் கடைக்காலைத் தூக்கிரும்" என்று முடித்துவிட்டார். அப்பா அவர் கட்சி. அம்மா மரத்தின் கட்சி. நான் சென்னையில் உட்கார்ந்துகொண்டு இரண்டு பேரிடமும் போனில் திட்டு வாங்குகிறேன்.

பால்கனியில் காடு வளர்க்கிற இத்தாலி மாடி, சீனா மாடி என்று வாட்ஸாப்பில் தினம் ஒரு படம் வருகிறது. அவ்வளவெல்லாம் வேண்டாம், இருக்கிற ஒரு மரத்தை வைத்துக்கொண்டு கட்ட முடியுமா? அனுபவப்பட்டவர்கள் சொல்லுங்கள்.

புறாக்கூண்டு | மார்ச் 8, இரவு 11:15

அந்தப் படங்களை நம்பாதீர்கள், முதலில் அதைச் சொல்லிவிடுகிறேன். மிலானில் 2014-இல் திறந்த போஸ்கோ வெர்ட்டிகாலே கோபுரங்கள் இரண்டும் நன்றாகத்தான் இருக்கின்றன. ஆனால் அந்த மரங்களைக் கவாத்துப் பண்ண மொட்டைமாடியிலிருந்து கயிறு கட்டி ஆட்கள் இறங்குகிறார்கள். அதற்கு வீட்டுக்காரர்கள் பணம் கட்டுகிறார்கள். சீனாவில் செங்டு நகரத்தில் இதே மாதிரி ஒரு குடியிருப்பு. 826 வீடும் விற்றுப்போயும் 2020-இல் பத்துக் குடும்பம்தான் குடியேறியிருந்தது என்று செய்தி வந்தது. செடி ஜன்னலை மூடிக்கொண்டு தொங்குகிறது, உள்ளே ஒரே கொசு. நட்டது ஆயிற்று, வெட்டிவிட ஆள் இல்லை.

இயற்கை இலவசம் இல்லை. வேப்பமரத்தடியில் பைக் நிறுத்திப் பாருங்கள், காக்கா சொல்லிக்கொடுக்கும்.

கரிசல் | மார்ச் 9, காலை 6:50

மண் பரிசோதனை என் தொழில். அதனால் "வேர் கடைக்காலைத் தூக்கிரும்" என்பதை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

வேர் கான்கிரீட்டை நெம்பித் தூக்குவதாகத்தான் எல்லாரும் நினைக்கிறோம். லேசான காம்பவுண்டுச் சுவர், தரைக்கல், செப்டிக் டாங்க் குழாய், இதையெல்லாம் வேர் படுத்துவது உண்மை. வீட்டுக் கடைக்காலுக்குப் பெரும்பாலும் வருகிற தொந்தரவு வேறு. மரம் மண்ணிலுள்ள ஈரத்தை உறிஞ்சுகிறது. கரிசல் மாதிரிக் களிமண் என்றால் ஈரம் போனதும் சுருங்கும், மழை பெய்ததும் ஊதும். வீட்டின் ஒரு மூலை இறங்கி மற்ற மூலை நின்றால் சுவரில் சாய்வாக வெடிப்பு விழும். கோவில்பட்டி, விளாத்திகுளம் பக்கம் என்றால் உங்கள் என்ஜினீயர் சொன்னதில் பாதி நியாயம் இருக்கிறது. அங்கே மரமே இல்லாவிட்டாலும் சாதாரணக் கடைக்கால் போடத் தயங்குவோம். ரூர்க்கி ஆராய்ச்சி நிலையத்தில் உருவான, அடியில் குமிழ் வைத்த பைல் (மண்ணுக்குள் ஆழமாக இறக்குகிற கான்கிரீட் தூண்) தான் போடச் சொல்வோம்.

உங்கள் பக்கம் பெரும்பாலும் செம்மண், சரளை. அது இப்படிச் சுருங்கி ஊதுவதில்லை. எதற்கும் நாலடி தோண்டிப் பார்த்துவிடுங்கள்.

இன்னொன்று. களிமண்ணில் பெரிய மரத்தை வெட்டினாலும் ஆபத்து உண்டு. இத்தனை வருஷம் அது குடித்த தண்ணீர் இனி மண்ணிலேயே தங்கும், மண் மெல்ல ஊதும். வெட்டிய கையோடு மேலேயே வீடு கட்டினால் அடியிலிருந்து உந்தும். மண் எதுவானாலும், அடிமரத்தை முழுக்கத் தோண்டி எடுக்காவிட்டால் மட்குகிற வேரைத் தேடிக் கறையான் வரும். "வெட்டிட்டா பிரச்சினை தீர்ந்தது" என்று சொல்கிறவர்கள் இதைச் சொல்வதில்லை.

ரசமட்டம் | மார்ச் 9, காலை 8:05

தம்பி, நான் புதுக்கோட்டைப் பக்கம். முப்பத்தெட்டு வருஷம் கொத்து வேலை, இப்போது மகன் பார்க்கிறான்.

பிளானை விடு. சித்திரை வெயிலில் ஒரு நாள் காலை ஆறிலிருந்து சாயங்காலம் ஆறு வரைக்கும் அந்த இடத்தில் ஒரு நாற்காலி போட்டு உட்கார். மர நிழல் மணிக்கு மணி எங்கே விழுகிறது என்று சுண்ணாம்பால் கோடு போடு. உன் என்ஜினீயர் அந்த இடத்தில் எத்தனை நிமிஷம் நின்றார்?

மரம் மேற்கே என்கிறாய். வீட்டுக்கு எதிரியே மேற்குச் சுவர்தான். மத்தியானம் இரண்டு மணிக்குமேல் சூரியன் சரிந்து, சுவர் முழுக்கத் தட்டையாக அடிக்கும். சன்ஷேடு தலைக்குமேல் வருகிற வெயிலைத்தான் தடுக்கும், நேராக முகத்தில் அடிக்கிறதை என்ன செய்யும்? அந்தச் சுவர் குடித்த சூட்டை ராத்திரி பதினோரு மணிக்கு உன் படுக்கையில் கக்கும். அப்புறம் ஏசி வாங்குவாய். மேற்கே நிழலுக்கு மரம் நடச் சொல்லி எத்தனையோ பேரிடம் சொல்லியிருக்கிறேன், வளர இருபது வருஷம் ஆகும் என்று சிரிப்பார்கள். உனக்கு வளர்த்துக் கையில் கொடுத்திருக்கிறார்கள்.

கரிசல் | மார்ச் 9, காலை 9:30

ரசமட்டம் அண்ணன் சொன்னதோடு ஒரு கணக்கு. வெயில் தெற்கிலிருந்து வரும், வடக்கு குளிர்ச்சி என்று நிறையப் பேர் சொல்வார்கள். அது ஐரோப்பாக்காரன் புத்தகத்தில் சரி. தென்காசி ஒன்பது டிகிரி அட்சரேகைக்குப் பக்கத்தில் இருக்கிறது. ஏப்ரல் நடுவில் சூரியன் உச்சியைத் தாண்டி வடக்கே போய்விடும், ஆகஸ்ட் கடைசியில்தான் திரும்பும். அந்த நாலரை மாதமும் வெயில் படுவது வடக்குச் சுவரில். அதனால் வடக்கு ஜன்னலுக்கும் சன்ஷேடு வேண்டும்.

ரெண்டாங்கட்டு | மார்ச் 9, மதியம் 1:20

மரத்தை விட்டுக் கொஞ்சம் தள்ளிப் பேசுகிறேன், மன்னிக்கவும்.

நான் செட்டிநாட்டில், கானாடுகாத்தான் பக்கத்து வீட்டில் வளர்ந்தவள். எங்கள் வீடு முன்தெருவில் தொடங்கிப் பின்தெருவில் முடியும். முன்வாசலில் நின்றால் நிலைக்கு நிலை தாண்டிப் பின்வாசல் வெளிச்சம் பொட்டு மாதிரித் தெரியும். எல்லாரும் வந்து தேக்குத் தூணையும் ஆத்தங்குடிக் கல்லையும் படம் எடுத்துக்கொண்டு போகிறார்கள். எனக்கு அந்த வீடு என்றால் மழைதான். நாலு பக்கத்து ஓடும் முற்றத்துக்குள் சரிந்திருக்கும். மழை வருகிற வாசனை வந்ததுமே ஆயா "அண்டாவை வையிங்கடி" என்று கத்துவார்கள். மூலைத் தகரத் தூம்புக்கு அடியில் பித்தளை அண்டா. முதல் தண்ணீரைக் கொட்டிவிட்டு அடுத்ததைப் பிடிப்போம், பருப்பு வேகவைக்க அதுதான். மிச்சத் தண்ணீர் முற்றத்து மடை வழியாகத் தெருவுக்குப் போய் அங்கிருந்து ஊருணிக்கு. தமிழ்நாட்டில் 2003-இல் எல்லா வீட்டுக்கும் மழைநீர் சேமிப்பு கட்டாயம் என்று சட்டம் வந்தபோது ஆயா உயிரோடு இல்லை. இருந்திருந்தால், இதற்கு எதற்குச் சட்டம் என்று கேட்டிருப்பார்கள்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். பத்துப் பதினைந்து வருஷத்துக்கு முன்னால் குரங்குத் தொல்லை, திருட்டுப் பயம் என்று சொல்லிச் சித்தப்பா முற்றத்துக்கு மேலே கம்பி போட்டு, அதற்குமேல் பிளாஸ்டிக் ஷீட்டும் போட்டுவிட்டார். அந்த வருஷச் சித்திரையிலேயே தெரிந்தது. சூடாகி மேலே ஏறுகிற காற்று வெளியே போக வழியில்லாமல் பட்டாலையிலேயே சுற்றியது. முற்றத்துத் துளசி வெளுத்துப்போயிற்று. அத்தனை கனச் சுவர், அத்தனை உயரக் கூரை, எதுவும் மாறவில்லை. ஒரு ஓட்டையை அடைத்ததற்கே வீடு அடுப்பாகிவிட்டது. இப்போது அந்த வீட்டில் மூன்று ஏசி ஓடுகிறது.

சாரல், உங்கள் மரமும் அந்த ஓட்டை மாதிரிதான். பிளானில் பார்த்தால் வீணான இடம்.

நாற்சார் | மார்ச் 9, இரவு 9:10

ரெண்டாங்கட்டு அக்கா சொன்னதை வாசிக்க எங்கள் அம்மம்மா வீடு ஞாபகம் வந்தது. யாழ்ப்பாணத்தில் நாங்கள் அதை நாற்சார் வீடு என்போம், நடுவில் வானம் பார்த்த முற்றம். என் பெயரும் அங்கேயிருந்துதான்.

கண்டலமவைப் பற்றி யாரும் சொல்லவில்லையே என்று எழுதுகிறேன். இலங்கையில் தம்புள்ளைக்குக் கிட்ட, கட்டடக்கலைஞர் ஜெஃப்ரி பாவா வடிவமைத்த ஹோட்டல், 1994-இல் திறந்தது. முதலில் சிகிரியாக் குன்றின் அடியில்தான் இடம் கொடுத்தார்களாம். அது வேண்டாம் என்று சொல்லி, குளத்துக்கு இந்தப் பக்கம் ஒரு பாறைச் சரிவைத் தேர்ந்தது பாவாதான். சிகிரியாவின் காலடியில் கட்டியிருந்தால் சிகிரியாவே கெட்டிருக்கும். இப்போது சிகிரியா தூரத்தில் தெரிகிறது, ஹோட்டல் அதன் கண்ணில் படுவதில்லை.

அலுவலகக் கூட்டம் ஒன்றுக்கு இரண்டு நாள் போய் நின்றேன். வாசல் குகை மாதிரி. உள்ளே நடக்க நடக்க ஒரு பக்கம் கட்டடச் சுவருக்குப் பதிலாக மலைப்பாறையே நிற்கிறது. மழை பெய்தால் பாறையில் தண்ணீர் வழிந்து நடைபாதைக்கு அடியால் ஓடிப் போகிறது. கட்டடம் தூண்களில் ஏறி நிற்பதால் அந்தத் தண்ணீரின் வழியை மறிக்கவில்லை. முன்பக்கம் மரச் சட்டங்களில் கொடி படர்ந்து, குளத்தின் மறுகரையில் நின்று பார்த்தால் கிட்டத்தட்ட ஒரு கிலோமீட்டர் நீளக் கட்டடம் கண்ணுக்கே அகப்படுவதில்லை. அறையில் ஒரு அட்டை வைத்திருந்தார்கள்: பல்கனிக் கதவைப் பூட்டுங்கள், குரங்கு வரும். வந்தது. என் பிஸ்கட் போனது.

கட்டுகிற காலத்தில் குளமும் விகாரையும் கெடும் என்று பிக்குகளும் ஊராக்களும் பெரிய எதிர்ப்புக் காட்டினார்கள் என்பதையும் சொல்ல வேணும். அந்தப் பயம் பிழையும் இல்லை. இவ்வளவு பெரிய ஹோட்டல் கழிவைக் குளத்தில் விட்டால் யார் கேட்பது? அந்த எதிர்ப்பு இருந்ததால்தான் கழிவுநீர் விஷயத்தில் கவனமாக இருந்தார்கள் என்று நான் நினைக்கிறேன்.

புறாக்கூண்டு | மார்ச் 9, இரவு 10:02

> கட்டடம் தூண்களில் ஏறி நிற்பதால் அந்தத் தண்ணீரின் வழியை மறிக்கவில்லை

இதைப் படித்ததும் வயிறு எரிகிறது. நான் இருப்பது பள்ளிக்கரணை சதுப்பு நிலத்தின் ஓரம். வீடு வாங்கும்போது விளம்பரத்தில் 'ஏரி பார்த்த வீடு' என்று போட்டிருந்தார்கள். 2015 டிசம்பரில் ஏரி எங்களைப் பார்க்க வந்தது. கீழ்த்தளத்தில் நிறுத்தியிருந்த கார் எல்லாம் மிதந்தது. சதுப்பின் பெரும்பகுதியைச் சாலையும் குப்பைக்கிடங்கும் எங்களை மாதிரிக் குடியிருப்பும் தின்று முடித்த பிறகு, மிச்சத்தை 2022-இல் உலக முக்கியத்துவமுள்ள ஈரநிலங்களின் ராம்சார் பட்டியலில் சேர்த்தார்கள்.

எங்கள் வளாகத்தில் நடைபாதை ஓரம் முழுக்கச் செடி, புல்தரை, செயற்கை அருவி எல்லாம் உண்டு. தண்ணீர் போகிற வழியில் நாலு பிளாக். நான் முதலில் கிண்டலாக எழுதியது இந்த மாதிரிப் பச்சையைத்தான், சாரலின் மரத்தை இல்லை. உங்கள் மரம் அங்கே முதலிலிருந்தே இருக்கிறது. அது வேறு.

மாடிப்படி | மார்ச் 10, காலை 7:45

கட்டடக்கலை மூன்றாம் வருஷம் படிக்கிறேன். ஜிம்பாப்வேயில் ஈஸ்ட்கேட் சென்டர் என்று ஒன்று, மிக் பியர்ஸ் வடிவமைத்தது, 1996. கறையான் புற்றைப் பார்த்துக் கட்டியது, ஏசியே இல்லை. எங்கள் கல்லூரியில் இதைத்தான் இயற்கையிடமிருந்து கற்றுக்கொள்வதற்குப் பெரிய உதாரணமாகச் சொல்கிறார்கள். சாரல் சார் வீட்டிலும் அப்படி ஒரு புகைபோக்கி வைத்தால் என்ன?

கரிசல் | மார்ச் 10, காலை 8:30

மாடிப்படி, நல்ல உதாரணம்தான். ஆனால் அதில் இரண்டு விஷயம் இருக்கிறது. புற்றுக்குள் சூடான காற்று புகைபோக்கி மாதிரி மேலே ஏறி வெளியே போகிறது என்று நம்பித்தான் அதை வடிவமைத்தார்கள். புற்றையே அளந்து ஆராய்ந்த ஸ்காட் டர்னரும் ரூபர்ட் சோரும் 2008-இல், அது அப்படி வேலை செய்வதே இல்லை என்று எழுதினார்கள். கறையானைத் தப்பாகப் புரிந்துகொண்டு கட்டிய கட்டடம் சரியாக வேலை செய்கிறது! காரணம் புற்று இல்லை. அந்தக் கட்டடம் இருக்கிற ஹராரே கடல்மட்டத்திலிருந்து ஏறக்குறைய 1,500 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, ராத்திரி நன்றாகக் குளிரும். அந்தக் குளிர்காற்றை விசிறி வைத்துத் தளத்துக்குள் இழுத்துக் கான்கிரீட்டைக் குளிர வைக்கிறார்கள். பகல் முழுக்க அந்தக் குளிர்ச்சியில் வண்டி ஓடுகிறது.

மே மாதம் நம் ஊரில் ராத்திரி இரண்டு மணிக்கும் வேர்க்கிறது. குளிர வைக்கக் குளிர்காற்றுக்கு எங்கே போவது? எனவே சாரலுக்கு அது உதவாது. ஊட்டியில் கட்டினால் பேசுவோம்.

தம்பானூர் | மார்ச் 10, காலை 11:00

சாரல், தென்காசியிலிருந்து செங்கோட்டை வழியாகத் திருவனந்தபுரம் மூன்று, மூன்றரை மணி நேரம். லாரி பேக்கர் என்ற கட்டடக்கலைஞர் அங்கே கட்டியதைப் போய்ப் பார்த்துவிட்டு வந்து முடிவெடுங்கள். படத்தில் பார்த்தால் புரியாது.

பர்மிங்ஹாமில் 1917-இல் பிறந்தவர். பம்பாயில் கப்பலுக்குக் காத்திருந்தபோது காந்தியைச் சந்தித்தார். வீடு கட்டுகிற பொருள் ஐந்து மைல் சுற்றளவுக்குள் கிடைக்கிறதாக இருக்க வேண்டும் என்று காந்தி சொன்னது வாழ்நாள் முழுக்க அவர் மனதில் இருந்தது. கேரளத்து டாக்டரைக் கல்யாணம் செய்து, பித்தோராகட் மலையில் பதினாறு வருஷம் இருந்து, பிறகு திருவனந்தபுரம் வந்து 2007-இல் இறக்கும்வரை இங்கேதான். நாலாஞ்சிறையில் அவருடைய சொந்த வீடு பாறைச் சரிவில் நிற்கிறது. சரிவைச் சமப்படுத்தாமல் வீட்டைத்தான் வளைத்தார்.

சாரல் | மார்ச் 17, இரவு 9:55

போய்விட்டு வந்தேன். அப்பாவையும் கூட்டிக்கொண்டு போனேன், தந்திரம்தான்.

பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் பேக்கர் கட்டிய இந்தியன் காபி ஹவுஸ் சிவப்பாகச் சுருட்டி நிமிர்த்தி வைத்த மாதிரி இருக்கிறது. உள்ளே தளமே கிடையாது, ஒரே சரிவுப் பாதை சுற்றிச் சுற்றி மேலே போகிறது. வெளிச்சுவரை ஒட்டி ஓரமாக மேஜை, பெஞ்சு எல்லாம் கட்டியே வைத்திருக்கிறார்கள். ஒவ்வொரு மேஜைக்கும் தனியாகச் செங்கல் விட்டு விட்டு அடுக்கிய ஓட்டைச் சுவர். ரெண்டு பேரும் மூன்றாவது சுற்றில் உட்கார்ந்தோம். தலைப்பாகைக்காரர் காபி கொண்டு வந்து வைக்கும் வரைக்கும் அப்பா அந்த ஓட்டையிலேயே உள்ளங்கையை வைத்துக்கொண்டிருந்தார். "காத்து வருதுடா." மார்ச் மத்தியானம், வெளியே பஸ் புகை, வெயில். மின்விசிறியை அவர் கவனிக்கவே இல்லை.

பிறகு உள்ளூர் (Ulloor) என்கிற பகுதியில் பேக்கர் கட்டிய வளர்ச்சி ஆய்வு மையம். 1971-இல் பொருளாதார அறிஞர் கே.என். ராஜ் தொடங்கியது. அனுமதி கேட்டுச் சுற்றிப் பார்த்தோம். ஒரு இடத்தில் சுவர் நேராக வந்து, ஒரு மரத்தைக் கண்டதும் வயிற்றை உள்ளே இழுத்துக்கொள்கிற மாதிரி வளைந்து, மரத்தைத் தாண்டி மறுபடி நேராகப் போகிறது. அப்பா அந்த வளைவைக் கையால் தடவிப் பார்த்தார். "இதுக்குக் கொத்தனாருக்கு எவ்வளவு கூலி கேட்டிருப்பான்?" என்றார். அவ்வளவுதான், வேறொன்றும் சொல்லவில்லை. ஆனால் ஆரியங்காவு தாண்டும்போது, "ரெண்டு பெட்ரூம் போதாதா நமக்கு" என்றார்.

இப்போது கேள்வி: பேக்கர் கட்டுகிற மாதிரி, செங்கல்லைக் குத்தாக நிறுத்தி நடுவில் வெற்றிடம் விட்டுக் கட்டுகிற 'ராட் டிராப்' சுவர் நம் பக்கம் சரிவருமா? செங்கல்லில் கால்வாசி மிச்சம் என்கிறார்கள்.

ரசமட்டம் | மார்ச் 18, காலை 6:30

நான் இரண்டு வீட்டில் போட்டிருக்கிறேன். மிச்சம் உண்மை. மூன்று அங்குலச் செங்கல் இந்தப் பக்கம், மூன்று அங்குலம் அந்தப் பக்கம், நடுவில் மூன்று அங்குலம் காலி. ஒன்பதங்குலச் சுவர், வெயில் உள்ளே இறங்க நேரமாகும். ஆனால் இதை மனசில் வை.

நாட்டுச் செங்கல்லில் கட்டாதே. ஒன்று கோணல், ஒன்று குட்டை, குத்தாக நிறுத்தினால் வரிசை அலையடிக்கும். சேம்பர் செங்கல், ஒரே சூளை, ஒரே லோடு. வெளியே பூசாமல் விடுகிறாய் என்றால் சாந்துக் கோடு கண்ணாடி மாதிரி வர வேண்டும். அதற்குப் பழகின கை வேண்டும். பேக்கர் தினம் சைட்டில் நின்று கொத்தனாருக்குச் சொல்லிக் கொடுத்தார் என்பார்கள். உன் சைட்டில் யார் நிற்கப் போகிறார்கள்? வயரிங் குழாயை முதலிலேயே அந்தக் காலி இடத்தில் விட்டுவிடு. பிறகு வந்து சுவரைக் கொத்தினால் சுவர் போச்சு.

அப்புறம், உன் பெயரிலேயே பதில் இருக்கிறது. செங்கோட்டைக் கணவாயைத் தாண்டி ஆனி, ஆடியில் சாரல் மேற்கேயிருந்து படுக்கையாக அடிக்கும். பூசாத செங்கல் அதைக் குடித்துக்கொண்டே இருக்கும். ஊடே குறுக்காக வைத்த கல் வழியாக ஈரம் உள்ளேயும் வரும். அதனால் மேற்குச் சுவரை மட்டும் முழுச் சுவராகக் கட்டிச் சுண்ணாம்புப் பூச்சுப் பூசு. மற்ற மூன்றும் உன் இஷ்டம்.

புறாக்கூண்டு | மார்ச் 18, காலை 9:12

ஆடிக் காற்றில் அம்மியே பறக்கும் என்கிறார்கள், வேப்பங்கிளை வீட்டுமேல் விழாதா? கிண்டல் இல்லை, நிஜமாகவே கேட்கிறேன். மரம் மேற்கே, காற்றும் மேற்கே.

ரசமட்டம் | மார்ச் 18, காலை 9:40

விழலாம். அதனால்தான் வைகாசியிலேயே வீட்டுப் பக்கம் சாய்ந்த கிளையை அளவாகக் கழித்துவிட வேண்டும், மொட்டையடிக்கக் கூடாது. வருஷா வருஷம் செலவு. மாசி, பங்குனியில் இலை கொட்டும், மொட்டைமாடித் தண்ணீர்க் குழாய் வாயில் சல்லடை போடாவிட்டால் ஒரே மழையில் அடைத்து மாடி குளமாகும். இதையெல்லாம் சொல்லாமல் மரத்தை வை என்று மட்டும் சொன்னால் நானும் அந்த விளம்பரக்காரன் மாதிரிதான்.

மாடிப்படி | மார்ச் 18, மாலை 5:20

செங்கல்லே இயற்கைக்கு நல்லதா என்ற கேள்வியும் இருக்கிறதே? சூளைக்கு வயல் மேல்மண்ணும் விறகும் போகிறது. கண்டலமவும் கான்கிரீட் கட்டடம்தான். இதற்கு மண் வீடுதானே சரி? பேக்கரே பிற்காலத்தில் மண் வீட்டைப் பற்றி நிறையப் பேசியிருக்கிறார்.

ரெண்டாங்கட்டு | மார்ச் 18, மாலை 6:00

தங்கச்சி, கேள்வி நியாயம். எங்கள் வீட்டுத் தேக்கெல்லாம் பர்மாக் காட்டிலிருந்து கப்பலில் வந்தது. அந்தக் காட்டைக் கேட்டால் செட்டிநாட்டு வீட்டை இயற்கையோடு இயைந்தது என்று சொல்லுமா? தெரிந்தேதான் எழுதுகிறேன். ஆனால் சாரலின் அப்பாவை இரண்டு பெட்ரூமுக்கு இறக்கியதே பெரிய விஷயம். மண் சுவர் என்றால் மறுபடி மூன்றுக்கு ஏறிவிடுவார்.

கரிசல் | மார்ச் 18, மாலை 6:45

கட்டாமல் விட்ட ஒரு அறைக்குச் செங்கல்லும் வேண்டாம், சிமென்டும் வேண்டாம், மண்ணும் வேண்டாம். இந்த இழையில் அதிகமாக மிச்சம் பிடித்தவர் சாரலின் அப்பாதான்.

நெறியாளர் | மார்ச் 20, காலை 10:00

வாஸ்துப்படி மேற்கே வேம்பு ஆகுமா என்ற பதிவுகளையும் அதற்கு வந்த பதில்களையும் தனி இழைக்கு மாற்றியிருக்கிறேன். அங்கே அடித்துக்கொள்ளவும்.

சாரல் | அடுத்த ஆண்டு, மே 26, இரவு 8:30

பழைய இழையை எழுப்புவதற்கு மன்னிக்கவும். பால் காய்ச்சியாயிற்று.

என்ஜினீயரை மாற்றவில்லை. ரசமட்டம் அண்ணன் சொன்ன மாதிரி நிழல் கோடு போட்டுப் படம் எடுத்துக் காட்டியதும் அவரே மடங்கின பிளான் ஒன்று போட்டார். 'ட' மாதிரி வீடு, மடியில் மரம். கீழே இரண்டு பெட்ரூம். மேற்கே மரத்தைப் பார்த்து ஓட்டுத் தாழ்வாரம். மண் செம்மண்தான், மூன்றடிக்குக் கீழே சரளை. தாழ்வாரத்துக்குத் தோண்டும்போது தொடை அளவு வேர் ஒன்று குறுக்கே வந்தது. வெட்டாமல் ப்ளிந்த் பீமை (தரைமட்டத்தில் சுவருக்கு அடியில் ஓடுகிற கான்கிரீட் விட்டம்) அந்த இடத்தில் மட்டும் மேலே தூக்கி வளைத்துப் போட்டோம், அதற்கு ஒரு நாள் கூலி கூட. கிழக்கு, வடக்கு, தெற்கு ராட் டிராப், மேற்கு முழுச் சுவர், சுண்ணாம்பு. வடக்கு ஜன்னலுக்கும் சன்ஷேடு வைத்தாயிற்று, கரிசல் சாருக்கு நன்றி. முதல் பத்து வரிசையைக் கொத்தனார் இரண்டு தடவை பிரித்துக் கட்டினார், என்னைத் திட்டிக்கொண்டேதான்.

அக்னி நட்சத்திரம் முழுக்க அப்பா மத்தியானத் தூக்கத்தைத் தாழ்வாரத்துக்கு மாற்றிக்கொண்டார். படுக்கையறையில் ஏசி வாங்கவில்லை என்று பெருமையடிக்க ஆசைதான், ஒன்று வாங்கியிருக்கிறோம். மே மாதம் பத்துப் பன்னிரண்டு நாள் ஓடியது. பைக்கைப் பற்றிப் புறாக்கூண்டு சொன்னது நூற்றுக்கு நூறு. அம்மா இந்தச் சித்திரைக்கு வேப்பம்பூவைத் தாழ்வாரத்திலேயே கூட்டி அள்ளினாள்.

படம் மூன்று இணைத்திருக்கிறேன்.

நாற்சார் | மே 26, இரவு 9:05

அழகாக இருக்குது. குரங்கு வருதோ?

சாரல் | மே 26, இரவு 9:11

குற்றாலம் பக்கத்தில் இருந்துகொண்டு வராமல் இருக்குமா? பிஸ்கட்டை உள்ளே வைத்துக்கொள்கிறோம்.

ரசமட்டம் | மே 27, காலை 6:15

வரிசை நன்றாக வந்திருக்கிறது தம்பி. அந்தக் கொத்தனார் நம்பரை என் மகனுக்கு அனுப்பு. ஆனால் இரண்டாவது படத்தில் கிழக்கு ஜன்னலுக்கு மேலே இருக்கிற லிண்டல் விட்டத்துக்கு மேலே சாய்வாக ஒரு கோடு தெரிகிறதே. விரிசலா? பக்கத்தில் போய்ப் படம் எடுத்துப் போடு. சாந்து காய்வதற்குள் பாரம் ஏற்றினீர்களா?

சாரல் | மே 27, காலை 7:02

வயிற்றில் புளியைக் கரைத்துவிட்டீர்கள் அண்ணே. ஊருக்குப் போன் போட்டு, அப்பாவை ஸ்டூல் போட்டு ஏறிப் பார்க்கச் சொன்னேன். விரிசல் இல்லை, எறும்பு. மரத்திலிருந்து கிளம்பிச் சன்ஷேடு வழியாக லிண்டலுக்கு மேலே ஏறி, அந்தச் செங்கல் ஓட்டைக்குள் போகிறதாம். அம்மா மஞ்சள்தூளோடு நிற்கிறாளாம்.